சுங்கை சிப்புட் வீட்டில் 20 பேருக்குக் கிறிஸ்துமஸ் இரவு விருந்து: எங்கிருந்து தொடங்குவது?

"அக்கா, கல்யாணமாகி எனக்கு இது முதல் கிறிஸ்துமஸ். பேராக்கின் சுங்கை சிப்புட்டில் தாமான் (குடியிருப்புப் பகுதி) வீடு. 25ஆம் தேதி இரவு 20 பேருக்கு வீட்டிலேயே சமைக்க ஆசை. என் பக்கம் கிறிஸ்தவர்கள், கணவர் பக்கம் இந்துக்கள். அதில் ஒரு மாமா ஐயப்பனுக்கு மாலை போட்டிருக்கிறார். பக்கத்து வீட்டில் மலாய்க் குடும்பம், எதிர் வீட்டில் ஒரு சீனப் பாட்டி. டர்க்கி (வான்கோழி) வாங்க வேண்டுமா? எதை எப்போது சமைப்பது?" என்று கேட்டிருக்கிறீர்கள்.

தங்கச்சி, மெனுவை எழுதுவதற்கு முன்னால் வருகிறவர்களின் பேரை ஒரு தாளில் எழுதுங்கள். ஒவ்வொரு பேருக்கும் பக்கத்தில் அவர் எதைச் சாப்பிட மாட்டார் என்றும் குறித்துக்கொள்ளுங்கள். நம் ஊர் விருந்துக்கு இந்தத் தாள்தான் அடிப்படை. உங்கள் மேசைக்கு முன்னால் வந்து நிற்கிற யாரும், "இதை நான் சாப்பிடலாமா?" என்று கூச்சத்தோடு கேட்கிற நிலை வரக்கூடாது. சமையல் கொஞ்சம் முன்னே பின்னே இருந்தாலும் மன்னித்துவிடுவார்கள். தட்டைக் கையில் வைத்துக்கொண்டு எதை எடுப்பது என்று தெரியாமல் நிற்க வைத்தால், அது மனத்தில் தங்கிவிடும்.

முதலில் மாலை போட்ட மாமா. கார்த்திகை முதல் நாள், அதாவது நவம்பர் நடுவில் தொடங்கும் மண்டல விரதம் 41 நாள். மண்டல பூஜை டிசம்பர் 26 அல்லது 27இல் வரும். அதனால் 25ஆம் தேதி அவர் விரதத்தில்தான் இருப்பார். சிலர் ஜனவரி நடுவில் வரும் மகரஜோதி வரைக்கும் தொடர்வார்கள். மாலை போட்டவர்களில் அசைவம் சமைக்கிற வீட்டில் கைநனைக்கவே கூடாது என்று இருப்பவர்கள் உண்டு, தனிப் பாத்திரத்தில் சமைத்தால் சாப்பிடுபவர்களும் உண்டு. நீங்களே போன் செய்து, "மாமா, உங்களுக்கு எது வசதி?" என்று கேட்டுவிடுங்கள். சாப்பிட மாட்டேன் என்றால் வற்புறுத்த வேண்டாம். வாழைப்பழம், பப்பாளி, பால் கலக்காத தேநீர், முறுக்கு என்று ஒரு தட்டு தனியாக எடுத்து வையுங்கள். ஒன்றை மறந்துவிடாதீர்கள்: அச்சு முறுக்கு மாவில் முட்டை இருக்கும், கேக்கிலும் இருக்கும். இவை இரண்டும் அவருக்கு ஆகாது. சாதாரண முறுக்குதான் சரி.

கணவர் பக்கத்தில் வெள்ளிக்கிழமை சைவம் என்று இருப்பவர்கள் யார் யார் என்றும் மாமியாரிடம் கேட்டு வையுங்கள். 2026ஆம் ஆண்டு கிறிஸ்துமஸ் வெள்ளிக்கிழமையில்தான் வருகிறது. அப்படிப்பட்ட வருடத்தில் 20 பேரில் எட்டுப் பத்துப் பேர் சைவமாகிவிடலாம். அது தெரியாமல் ஆட்டிறைச்சியை ஆறு கிலோ வாங்கினால் பாதி மிஞ்சும்.

அடுத்தது மலாய்க் குடும்பம். கோழியையும் ஆட்டையும் முஸ்லிம் கடையிலிருந்து வாங்குவது முதல் படி. ஆனால் அதோடு முடிந்துவிடாது. கேக்கில் ரம் ஊற்றினாலும், பன்றி இறைச்சி சமைத்த குவாலியில் (வாணலியில்) வறுத்தாலும், ஜெலட்டின் போட்டு ஜெல்லி செய்தாலும் அவர்களுக்குச் சங்கடம்தான். ஜெலட்டின் பெரும்பாலும் விலங்கின் எலும்பிலும் தோலிலும் இருந்து வருவது. அகார் அகார் கடற்பாசியிலிருந்து வருவதால் மாமாவுக்கும் ஆகும், பக்கத்து வீட்டுக்கும் ஆகும். இவ்வளவு பார்த்துச் செய்தாலும் தேநீரோடு நிறுத்திக்கொள்கிற முஸ்லிம் நண்பர்கள் உண்டு. அதைத் தப்பாக எடுத்துக்கொள்ளாதீர்கள். அவர்கள் வந்து உட்கார்ந்ததே பெரிது. என் பக்கத்து வீட்டு அக்காவிடம் ஒரு தடவை நேராகவே கேட்டேன். "உன் வீட்டு ரொட்டியும் முறுக்கும் எனக்குப் போதும், கறி மட்டும் நான் கொண்டு வருகிறேன்" என்றார். அன்றிலிருந்து எங்கள் மேசையில் அவருடைய ரெண்டாங் இல்லாத கிறிஸ்துமஸே கிடையாது.

சீனப் பாட்டி குவான்யின் அம்மனைக் கும்பிடுகிறவராக இருந்தால் மாட்டிறைச்சி சாப்பிட மாட்டார். உங்கள் இந்து உறவுகளும் சாப்பிட மாட்டார்கள். ஆகவே முடிவு எளிது: அன்றைக்குச் சமையலறையில் பன்றி, மாடு, மது மூன்றும் வேண்டாம். கோழி, ஆடு, காய்கறி போதும். உங்கள் அப்பாவோ சித்தப்பாவோ "கிறிஸ்துமஸ் அதுவுமாக ஒரு கிளாஸ் கூட இல்லையா?" என்று கேட்டால், அதை 24ஆம் தேதியோ 26ஆம் தேதியோ அவர்கள் வீட்டில் வைத்துக்கொள்ளட்டும்.

இப்போது டர்க்கி. வேண்டாம் என்பது என் கருத்து. காரணத்தைச் சொல்கிறேன். டர்க்கி வட அமெரிக்காவின் பறவை. 16ஆம் நூற்றாண்டில் இங்கிலாந்துக்குப் போய், பிறகு அவர்களுடைய கிறிஸ்துமஸ் மேசையில் ஏறியது. மூன்று நான்கு மணி நேரம் ஓவன் எரிந்தால் அவர்களுடைய குளிர் வீடு சூடாகும், அதுவும் அவர்களுக்கு வசதிதான். நமக்கோ வெளியே மழை பெய்தாலும் உள்ளே புழுக்கம். ஈப்போவில் பெரிய பேரங்காடிகளில் உறைய வைத்த டர்க்கி கிடைக்கும். ஐந்து கிலோப் பறவையென்றால் ஐஸ் பெட்டியின் கீழ்த் தட்டில் ஏறக்குறைய மூன்று நாள் வைத்துத்தான் உறைநிலை போக்க வேண்டும். இரண்டு கிலோவுக்கு ஒரு நாள் என்று கணக்கு. அந்த மூன்று நாளும் உங்கள் ஐஸ் பெட்டியில் பாதி இடம் போய்விடும். நம் வீடுகளில் இருக்கும் மேசை ஓவனில் அது நுழையுமா என்பதே சந்தேகம். அதற்குப் பதிலாக 1.7 கிலோ அளவில் ஒரு முழுக் கோழியை அழகாக வாட்டி மேசை நடுவில் வையுங்கள். மற்றவர்களுக்கு இரண்டரை கிலோக் கோழியைத் துண்டு போட்டு அடுப்பில் வறுவலாகச் செய்துவிடுங்கள். படம் எடுக்க முழுக் கோழி, வயிறு நிறைய வறுவல்.

முழுக் கோழிக்கு 24ஆம் தேதி காலையிலேயே உள்ளும் புறமும் ஒரு மேசைக்கரண்டி உப்பு தேய்த்து, மூடாமல் ஐஸ் பெட்டியில் வைத்துவிடுங்கள். உப்பு உள்ளே இறங்கும், தோல் காய்ந்து மொறுமொறுப்பாக வரும். மறுநாள் வெண்ணெயில் பூண்டு, மிளகு, கொஞ்சம் மஞ்சள், இடித்த செராய் (எலுமிச்சைப் புல்) சேர்த்துத் தோலுக்கு அடியில் தடவுங்கள். 190 டிகிரி செல்சியஸில் ஒன்றேகால் மணியிலிருந்து ஒன்றரை மணி நேரம் ஆகும். தொடையின் தடித்த இடத்தில் வெப்பமானி 74 டிகிரி காட்டினால் வெந்துவிட்டது. வெளியே எடுத்ததும் வெட்டாமல் 15 நிமிடம் விடுங்கள், இல்லாவிட்டால் சாறெல்லாம் பலகையில் ஓடிவிடும்.

விருந்தின் உயிர் ஆட்டிறைச்சிப் பிரட்டல்தான். இதில் மட்டும் அவசரப்படாதீர்கள். 20 பேருக்கு எலும்போடு மூன்று கிலோ போதும், கோழியும் இருக்கிறதே. மஞ்சள், உப்பு, இஞ்சி பூண்டு விழுது போட்டு ஒரு மணி நேரம் ஊற வையுங்கள். எண்ணெயில் பட்டை, கிராம்பு, ஏலக்காய், அன்னாசிப்பூ, கறிவேப்பிலை போட்டு, அரை கிலோவுக்கு மேல் சின்ன வெங்காயத்தைப் பொன்னிறம் தாண்டும்வரை வதக்குங்கள். பொறுமை தேவைப்படுகிற இடம் இதுதான். வெங்காயம் நன்றாக வதங்கினால் பிரட்டலுக்கு நிறமும் இனிப்பும் தானாக வரும். பிறகு இறைச்சி மசாலைத் தூளைக் கொஞ்சம் தண்ணீரில் குழைத்துப் போட்டு, எண்ணெய் பிரியும்வரை கிண்டுங்கள். அதன் பின்தான் இறைச்சி. மூடி போட்டுச் சின்னத் தீயில் ஒன்றரை மணி நேரம், பிறகு மூடியைத் திறந்து வற்ற விட வேண்டும். தேங்காய்ப் பால் ஊற்ற வேண்டாம். உருளைக்கிழங்கும் வேண்டாம், இரண்டாவது முறை சூடுபண்ணும்போது கரைந்து குழம்பிவிடும். தேங்காய்ப் பால் இல்லாத பிரட்டலை 24ஆம் தேதி மதியமே சமைத்து வைக்கலாம். மறுநாள் மசாலா இறங்கி இன்னும் நன்றாக இருக்கும்.

தேங்காய்ப் பால் விஷயம் நான் பட்டுத் தெரிந்துகொண்டது. ஒரு வருடம் நள்ளிரவுத் திருப்பலிக்குப் போகும் அவசரத்தில் தேங்காய்ப் பால் ஊற்றிய கோழிக்குழம்பை அடுப்பின் மேலேயே விட்டுவிட்டுப் போனேன். விடியற்காலையில் திறந்தபோது நுரைத்திருந்தது. பத்துப் பேருக்கான குழம்பைக் கொட்டும்போது எனக்கு அழுகையே வந்துவிட்டது. நம் ஊர் வெப்பத்தில் சமைத்த எதையும் இரண்டு மணி நேரத்துக்கு மேல் வெளியே வைக்கக்கூடாது. பெரிய சட்டியை அப்படியே ஐஸ் பெட்டியில் தள்ளினாலும் ஆகாது. நடுப்பகுதி பல மணி நேரம் வெதுவெதுப்பாகவே இருக்கும், கிருமி வளர அதுவே போதும். மூன்று அகலமான டப்பாக்களில் பிரித்து, ஆவி அடங்கியதும் உள்ளே வையுங்கள். மறுநாள் சூடுபண்ணும்போது நன்றாகக் கொதிக்க வேண்டும்.

சோற்றுக்கு இரண்டு கிலோ பாஸ்மதி. அரை மணி ஊற வைத்து, நெய்யில் பட்டை, ஏலக்காய், இரண்டு மூன்று பாண்டான் இலையை முடிச்சுப் போட்டு வதக்கி, ஒரு கோப்பை அரிசிக்கு ஒன்றரைக் கோப்பை தண்ணீர். இது மட்டும் அன்று மாலைதான் செய்ய வேண்டும். சோறு மிஞ்சினால் உடனே பரப்பி ஆற வைத்து ஐஸ் பெட்டியில் வையுங்கள். வெளியே கிடந்த சோற்றில் உண்டாகும் நஞ்சு மறுபடி சூடுபண்ணினாலும் போகாது.

சைவப் பக்கத்தை ஒப்புக்குச் செய்யாதீர்கள். அரை கிலோ பருப்பு, இரண்டு கிலோ உருளைக்கிழங்கு வறுவல், கத்தரிக்காய்ப் பிரட்டல், அன்னாசிப்பழப் பச்சடி. இவற்றை அசைவம் தொடங்குவதற்கு முன்னால், தனிக் குவாலியில், தனி அகப்பையோடு சமைத்துவிடுங்கள். இரண்டு மேசை போட்டு, சைவத்தை ஒன்றிலும் அசைவத்தை மற்றொன்றிலும் வையுங்கள். ஒரே மேசையில் வைத்தால் பிள்ளைகள் கறிக் கரண்டியைத் தூக்கிப் பருப்பில் போட்டுவிடும். ஒரு சின்ன அட்டையில் தமிழிலும் மலாயிலும் எது என்னவென்று எழுதி வைத்தால் யாரும் யாரையும் கேட்க வேண்டியதில்லை. காய்கறி அச்சார் செய்யத் தெரிந்தால் 22ஆம் தேதியே செய்து வையுங்கள், மூன்றாம் நாள்தான் அதற்குச் சுவை கூடும். காய்கறியில் கவனம்: கேமரன் மலையில் மழை பிடித்தால் தக்காளி, முட்டைக்கோஸ் விலை ஏறிவிடும். கிறிஸ்துமஸை ஒட்டி உள்நாட்டு வாணிப அமைச்சு சில பொருள்களுக்கு உச்ச விலை அறிவிப்பது வழக்கம், பட்டியலைப் பார்த்துவிட்டுப் பசாருக்குப் போங்கள்.

பழக் கேக்கைப் பற்றி நீங்கள் கேட்கவில்லை, ஆனாலும் சொல்கிறேன். இணையத்தில் "ஒரு மாதத்துக்கு முன்பே சுட்டு வையுங்கள்" என்று இருக்கும். அது ரம் ஊற்றிய கேக்குக்கு. மதுதான் அதைக் கெடாமல் காக்கிறது. நீங்கள் மது சேர்க்கப் போவதில்லை, நம் ஊர்க் காற்றிலோ ஈரம் அதிகம், சில நாளிலேயே பூஞ்சை பிடிக்கும். உலர் பழங்களைக் கெட்டியான தேயிலைச் சாயத்திலும் ஆரஞ்சுச் சாற்றிலும் 20ஆம் தேதி ஊறப்போட்டு ஐஸ் பெட்டியில் வையுங்கள். 22ஆம் தேதி சுட்டு, ஆறியதும் இறுகச் சுற்றி அதையும் ஐஸ் பெட்டியிலேயே வையுங்கள். தேயிலையின் மெல்லிய துவர்ப்பு அந்த இனிப்புக்கு நன்றாகப் பொருந்தும்.

21 அல்லது 22ஆம் தேதி உங்கள் எதிர் வீட்டுப் பாட்டி தாங் யுவான் கொண்டு வந்து கொடுத்தால் ஆச்சரியப்படாதீர்கள். சீனர்களின் தோங்ஜி அன்றுதான். "குளிர்காலம் வந்தது" என்று அதற்குப் பொருள். புளூட் அரிசி (ஒட்டும் அரிசி) மாவு உருண்டையை இஞ்சிப் பாகில் போட்டுக் குடும்பத்தோடு சாப்பிடுவார்கள். பால்மரத் தோட்டத்தில் வளர்ந்த எனக்கு அப்போது தெரிந்த ஒரே குளிர்காலம், பிப்ரவரி மார்ச்சில் ரப்பர் மரம் இலை கொட்டுவதுதான். கிராணிமார் (தோட்டக் கணக்கர்கள்) அதை விண்டரிங் என்பார்கள். பால் குறைந்து சம்பளமும் குறையும் என்பதால் என் பாட்டிக்கு அந்தச் சொல்லே பிடிக்காது. ஆனால் டிசம்பரில் லயத்து (தோட்டத் தொழிலாளர் வரிசை வீட்டு) விறகடுப்பில் அச்சு முறுக்குச் சுடும்போது அவர் வேறு ஆளாகிவிடுவார். பதினைந்து இருபது பொட்டலம் கட்டி, கிறிஸ்தவர் இந்து என்று பார்க்காமல் லயம் முழுக்க அனுப்புவார். எதிர் வீட்டுப் பாட்டி தாங் யுவான் கொடுத்தால் கிண்ணத்தை வெறுமையாகத் திருப்பிக் கொடுக்காதீர்கள், முறுக்கு வைத்துக் கொடுங்கள்.

நேரத்தைக் கவனமாக வையுங்கள். டிசம்பர் கடைசியில் நம் பக்கம் மஃரிப் தொழுகை ஏழு மணிக்குப் பிறகுதான். மலாய்க் குடும்பம் தொழுதுவிட்டு வர வேண்டும். ஆகவே சாப்பாட்டை எட்டு மணிக்கு வையுங்கள், மற்றவர்களுக்கு ஏழிலிருந்தே முறுக்கும் சிராப்பும் ஓடட்டும். அப்படியென்றால் கோழி ஐந்தே முக்காலுக்கு ஓவனுக்குள் போக வேண்டும். பருப்பும் காய்கறியும் அதற்கு முன்பே தயாராகி, சூடு ஆறாமல் சின்னத் தீயில் மூடியிருக்க வேண்டும், ஆறரைக்குச் சோறு, ஏழேகாலுக்குப் பிரட்டலைச் சூடுபண்ணினால் போதும். நள்ளிரவுத் திருப்பலி முடிந்து வந்து 25ஆம் தேதி காலையில் தூங்க வேண்டும், அதனால்தான் 24ஆம் தேதி இவ்வளவு வேலையை முடிக்கச் சொல்கிறேன்.

மழையும் கரண்டும் கடைசி நேரத்தில்தான் காலை வாரும். மாலையில் இடி இடித்தால் கரண்டு போகும். மேசை ஓவன், ரைஸ் குக்கர், மின்கெண்டி மூன்றையும் ஒரே நீட்டிப்புப் பலகையில் மாட்டினால் இடி இல்லாமலேயே போகும். ஓவனைச் சுவரில் நேராக மாட்டுங்கள், சோற்றை கேஸ் அடுப்பில் வையுங்கள். 14 கிலோ கேஸ் தோங் ஒன்று கூடுதலாக வாங்கி வையுங்கள், பண்டிகை அன்று கடை மூடியிருக்கும். கரண்டு போய்விட்டால் கோழியைத் துண்டு போட்டு மூடி வைத்த குவாலியில் வேக வைத்துவிடலாம், அதற்கும் ருசி குறையாது. 20 பேர் உட்கார கார் நிறுத்துமிடத்தில் ஒரு கூடாரம் போட்டுவிடுங்கள், முன்பக்கம் கொஞ்சம் சாய்த்துக் கட்டினால்தான் தண்ணீர் வீட்டுக்குள் வராது. நாற்காலிக்கு பாலாய் ராயாவிலோ (சமூக மண்டபத்திலோ) தேவாலயத்திலோ இரண்டு வாரத்துக்கு முன்பே சொல்லி வையுங்கள், அன்று எல்லாரும் கேட்பார்கள்.

மிச்சத்துக்கும் இப்போதே திட்டம் போடுங்கள். 25 டப்பா வாங்கி, சைவத்துக்கு ஒரு நிற மூடியும் அசைவத்துக்கு வேறு நிறமும் வைத்துக்கொண்டால், தாப்பாவ் (வீட்டுக்கு எடுத்துப்போகும் சாப்பாடு) கட்டிக் கொடுக்கும்போது குழப்பம் வராது. வாட்டிய கோழி மிஞ்சினால் 26ஆம் தேதி மலாக்காவின் போர்த்துகீசிய வம்சாவளியினர் செய்கிற டெவில் கறியாக மாற்றுங்கள். கிறிஸ்துமஸ் விருந்தில் மிஞ்சிய இறைச்சியை வைத்து அவர்கள் செய்வதே அதுதான். காய்ந்த மிளகாய், வெங்காயம், லெங்குவாஸ் (பேரரத்தை), புவா கெராஸ் (கேண்டில்நட் கொட்டை) அரைத்து வதக்கி, கடுகும் வினிகரும் சேர்த்து, கோழியைக் கடைசியில் போட்டுப் புரட்டினால் போதும். முதல் நாள் ரொட்டி மிஞ்சியிருந்தால் அதற்குத் தொட்டுக்கொள்ள அருமையாக இருக்கும். நள்ளிரவுவரை பாத்திரம் கழுவிக் களைத்திருக்கும் உங்களுக்கு, அன்று வேறு எதுவும் சமைக்க வேண்டியிருக்காது.